கொடைக்கானல் பாதரச வழக்கும் நாம் கேட்டு வாங்க வேண்டிய அறிக்கையும்

சிங்கப்பூரில் வேலையிடக் காற்றில் கலந்திருக்கும் இரசாயனங்களை அளப்பது என் தொழில். பாதரசம் அடங்கிய பழைய குழல் விளக்குகளை உடைத்துப் பிரிக்கும் இடங்களில், "வாசனையே இல்லையே சார், பிறகு எதற்கு இந்த முகக்கவசம்?" என்று தமிழக ஊழியர்கள் என்னிடம் கேட்பதுண்டு. பாதரச ஆவிக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை என்பதை விளக்க, நான் அவர்களுக்குக் கொடைக்கானல் கதையைச் சொல்வேன்.

அமெரிக்காவின் வாட்டர்டவுனிலிருந்து 1980களில் கொண்டுவந்து கொடைக்கானலில் நிறுவப்பட்ட பாதரச வெப்பமானி ஆலை, பின்னர் இந்துஸ்தான் லீவர் நிறுவனத்தின் வசமானது. 2001 மார்ச்சில், அவ்வூரின் மூஞ்சிக்கல் பகுதியில் இருந்த பழைய சாமான் கிடங்கில் 7.4 டன் பாதரசக் கண்ணாடிக் கழிவைக் கண்டுபிடித்து மக்கள் திரண்டெழுந்த பிறகே அந்த ஆலை மூடப்பட்டது. 2003இல் சுமார் 290 டன் கழிவு அமெரிக்காவுக்கே கப்பலில் திரும்பியது; நஞ்சு வந்த திசையிலேயே திருப்பி அனுப்பப்படுவது அபூர்வம்.

ஊழியர்களுக்கான நியாயம் அவ்வளவு விரைவில் கிட்டவில்லை. முன்னாள் ஊழியர் சங்கம் 2006இல் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடியது. 591 ஊழியர்களுக்கும் அவர்களது குடும்பங்களுக்குமான உடன்பாடு 2016இல்தான் எட்டப்பட்டது. வேலையால் உடல்நலப் பாதிப்பு எதுவும் நேரவில்லை என்பதே நிறுவனத்தின் நிலைப்பாடு.

இங்கேதான் என் துறை சார்ந்த சிக்கல் இருக்கிறது. உடலில் சேர்ந்த பாதரசம் ஏறத்தாழ இரண்டு மாதங்களில் பாதியாகக் குறைந்துவிடுவதால், நடுக்கமும் மறதியும் சிறுநீரகக் கோளாறும் தொடர்ந்தாலும், ஆண்டுகள் கழித்துச் செய்யும் சிறுநீர்ப் பரிசோதனை பழைய பாதிப்பைக் காட்டாது. ஆலைக்குக் கீழே பாம்பார் சோலைக் காட்டின் மண்ணை எப்போது வேண்டுமானாலும் அளக்கலாம்; மனிதரை அந்தந்தக் காலத்தில்தான் அளக்க முடியும். அந்தக் கால அளவீடுகளோ பெரும்பாலும் முதலாளியின் அலமாரியில்தான் இருக்கும்.

சிங்கப்பூரில் பாதரசத்தோடு வேலை செய்வோருக்குக் குறிப்பிட்ட கால இடைவெளியில் மருத்துவப் பரிசோதனை செய்வது சட்டப்படி கட்டாயம், செலவு முதலாளியுடையது. பரிசோதனைக்குப் போய்வந்தோம் என்பதோடு நிறுத்திக்கொள்ளாமல், முடிவின் நகலைக் கேட்டு வாங்குங்கள். அன்று எந்தப் பிரிவில் என்ன வேலை பார்த்தீர்கள் என்பதையும் அதில் குறித்து, கைபேசியில் படமெடுத்து ஊரில் இருக்கும் வீட்டாருக்கும் அனுப்பிவையுங்கள். வேலை உடையைத் தங்குவிடுதிக்கு எடுத்துச் செல்லாதீர்கள். துணியில் ஒட்டிய பாதரசத் துளி, அறையில் உறங்கும் மற்றவர்களின் மூச்சிலும் கலக்கும்.