ஸ்ட்ராபெரிப் பாத்திக்குள் புல் புகுந்துவிட்டதா?

வீட்டுத் தோட்டம் போடுகிறவர்களுக்கு ஆலோசனை சொல்வது என் வேலை. ஸ்ட்ராபெரி வளர்ப்பவர்கள் பெரும்பாலும் என்னைக் கூப்பிடும்போது புல்லும் செடியும் பின்னிக் கிடக்கும். எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: "எதை அடித்தால் புல் சாகும்?"

ஸ்ட்ராபெரியின் வேர்களில் பெரும்பகுதி மேல் 15 செ.மீ. மண்ணுக்குள்ளேயே இருக்கிறது. புல்லின் வேரும் அங்கேதான். தண்ணீருக்கும் உரத்துக்கும் நடக்கும் போட்டியில் ஸ்ட்ராபெரிதான் தோற்கும். அடர்ந்த களைக்குள் காற்றோட்டம் இல்லாமல் ஈரம் தங்கினால் பழத்தில் சாம்பல் பூஞ்சணமும் வரும்.

விதையில் முளைக்கும் சின்னக் களைகள் பெரிய தொல்லை இல்லை. மண் ஈரமாக இருக்கும்போது ஒரு கையால் செடியின் அடியை அழுத்திக்கொண்டு மறு கையால் பிடுங்கிவிடலாம். களைக்கொத்தை ஆழமாக இறக்காதீர்கள், செடியின் வேர் அறுந்துவிடும். அப்புறம் 5 முதல் 8 செ.மீ. கனத்துக்கு வைக்கோல் மூடாக்கு போடுங்கள். குருத்து மட்டும் மூடாமல் இருக்க வேண்டும், மூடினால் அழுகிவிடும். வைக்கோலுக்குப் பதில் உலர்ந்த தீவனப் புல்லைப் பரப்புகிறவர்கள் உண்டு. அதில் விதை இருக்கும். களையை நாமே விதைத்த கதைதான்.

உண்மையான தலைவலி அருகம்புல்லும் கோரையும். அருகு துண்டு துண்டாக அறுபட்டாலும் ஒவ்வொரு கணுவிலிருந்தும் துளிர்க்கும். கோரைக்கு அடியில் கிழங்கு. கறுப்பு பிளாஸ்டிக் விரிப்பையே குத்திக்கொண்டு வெளியே வரும். வினிகர் தெளித்தால் இலை மட்டும் கருகும், அடியில் இருப்பது அப்படியே இருக்கும். கிளைபோசேட் என்ற களைக்கொல்லி பட்டால் ஸ்ட்ராபெரியும் சேர்ந்தே போகும். புல்லை மட்டும் கொல்லும் மருந்துகள் இருப்பது உண்மைதான். ஆனால் கோரை புல் இனம் இல்லை, அதை அவை ஒன்றும் செய்யாது. அதோடு, அந்த மருந்தின் லேபிளில் ஸ்ட்ராபெரி இருக்கிறதா, தெளித்து எத்தனை நாள் கழித்துப் பழம் பறிக்கலாம் என்று பார்க்காமல் கையில் எடுக்கவே கூடாது.

அருகும் கோரையும் செடிக்கு நடுவே பின்னிவிட்டால், அந்தப் பாத்தியைக் காப்பாற்றப் போராடாதீர்கள் என்றுதான் நான் சொல்வேன். எப்படியும் மூன்று நான்கு வருடத்தில் மகசூல் குறைந்து புதிதாக நட வேண்டியதுதானே! நல்ல செடிகளிலிருந்து ஓடும் கொடியின் நுனிக்கன்றுகளைப் புது மண் நிரப்பிய சின்னத் தொட்டிகளில் பதியுங்கள். தோட்டத்து மண்ணை அள்ளிப் போட்டால் அருகும் கூடவே வந்துவிடும். சில வாரத்தில் வேர் பிடித்ததும் கொடியை வெட்டி, களை இல்லாத வேறு இடத்தில் நடுங்கள். புதுப் பாத்தியைச் சுற்றி 15 முதல் 20 செ.மீ. ஆழத்துக்குத் தகடோ கல்லோ பதித்தால் ஓரத்துப் புல் உள்ளே நுழைவது வெகுவாகக் குறையும். தாய்ச்செடியின் இலை சுருண்டோ மஞ்சள் திட்டோடோ இருந்தால் அதிலிருந்து கன்று எடுக்க வேண்டாம், வைரஸ் இருக்கலாம்.

பழைய பாத்தியைக் கிளறி நனைத்து, நல்ல வெயில் காலத்தில் ஒளி ஊடுருவும் பிளாஸ்டிக் தாளால் நான்கு முதல் ஆறு வாரம் இறுக்கமாக மூடி வைக்கலாம். மேல்மண்ணில் உள்ள களை விதைகளில் பெரும்பாலானவை செத்துவிடும். ஆழத்தில் கிடக்கும் கோரைக் கிழங்கு தப்பிவிடும்; அது தலைகாட்டும்போதெல்லாம் தோண்டி எடுக்க வேண்டியதுதான்.