ஃபிலிம் வேறு, வீடியோ வேறு: ஒரு சொல் விளக்கம்

'எக்ஸ்பெரிமென்டல் ஃபிலிம் அண்ட் வீடியோ ஆர்ட்டிஸ்ட்' என்று ஒரு கலைஞரைப் பற்றி வந்தால், நாம் யோசிக்காமல் 'பரிசோதனைத் திரைப்பட, காணொளிக் கலைஞர்' என்று எழுதிவிடுகிறோம். ரெண்டும் ஓடுற படம்தானே, ஒரு சொல் போதாதா என்றுகூடத் தோன்றும். போதாது.

ஃபிலிம் என்பது பழைய ஆங்கிலத்தில் சவ்வு, மெல்லிய தோல். அப்புறம் எந்த மெல்லிய பூச்சுக்கும் அதுவே பெயராகி, ஒளிப்படம் வந்த பிறகு வேதிப்பூச்சுள்ள சுருளுக்குப் போய், கடைசியில் அந்தச் சுருளில் ஓடும் கதைக்கும் ஒட்டிக்கொண்டது. தமிழில் இதன் வேர்ப்பொருளுக்கு நேரான சொல் படலம். கண்ணில் படலம் என்கிறோமே, அதுதான். 'திரைப்படம்' படம் விழுகிற திரையைத்தான் சொல்கிறது, சுருளைச் சொல்லவில்லை. ஆனால் இந்தக் கலைஞர்கள் பலர் கை வைப்பதே சுருளின் மேல்தான். மேன் ரே 1923இல் கேமராவே இல்லாமல் ஃபிலிமின் மேல் உப்பையும் ஊசிகளையும் பரப்பி வெளிச்சம் காட்டினார். லென் லை 1935இல் நேரடியாக அதன்மேல் வண்ணம் தீட்டினார். ஸ்டான் பிராக்கேஜ் 1963இல் செத்த விட்டில்களின் இறகுகளையும் இலைத் துணுக்குகளையும் ரெண்டு ஒட்டுநாடாக்களுக்கு நடுவில் வைத்து ஒரு படமே செய்தார். அதை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் இறகு இறகாகவே தெரியும். இவர்களுக்குப் 'படச்சுருள்' என்ற சொல்தான் பொருந்தும்.

வீடியோ லத்தீன் சொல், அதுவும் ஒரு முழு வாக்கியம்: 'நான் பார்க்கிறேன்.' ஆடியோ 'நான் கேட்கிறேன்', அதற்கு ஜோடியாகத்தான் தொலைக்காட்சி வளர்ந்த காலத்தில் இது புழக்கத்துக்கு வந்தது. வீடியோ பதிவான காந்த நாடாவைத் தூக்கிப் பார்த்தால் ஒன்றும் தெரியாது, அதில் இருப்பது காந்தப் பதிவாக மாறிய மின்குறிகை (சிக்னல்) மட்டும். அந்தக் காலத் தொலைக்காட்சிப் பெட்டியில் அந்தக் குறிகையைப் பிம்பமாக வரைவது எலக்ட்ரான் கற்றை. அதனால்தான் கொரியாவில் பிறந்த 'நாம் ஜூன் பைக்' என்ற கலைஞர் 1965இல் பெட்டியின் மேல் ஒரு காந்தத்தை வைத்ததுமே கற்றை விலகி, பிம்பம் வளைந்து நெளிந்தது. ஃபிலிமில் இது நடக்காது.

இதற்குத் தமிழில் காணொளி, விழியம், நிகழ்படம் என்று சில சொற்கள் உண்டு. விழியம் அழகாக இருக்கிறது, ஆனால் உறுப்போடு நின்றுவிடுகிறது. காணொளியில் காண்பதும் இருக்கிறது, ஒளியும் இருக்கிறது. தானே ஒளிரும் பெட்டியில் பிறந்த கலைக்கு அது நன்றாகவே பொருந்துகிறது. என் வாக்கு அதற்குத்தான்.

'எக்ஸ்பெரிமென்டல்' என்பதன் லத்தீன் வேருக்கு முயன்று பார்ப்பது என்று பொருள். 'சோதனை' என்று மட்டும் எழுதினால் துன்பம் என்ற வாடையும் சேர்ந்து வரும், பரிசோதனையே சரி.

ஆக, 'பரிசோதனைப் படச்சுருள், காணொளிக் கலைஞர்' என்று எழுதலாம். சுருளைத் தொடாமல் முழுக்க டிஜிட்டலில் வேலை செய்பவர் என்றால் படச்சுருளை எடுத்துவிடுங்கள்.