மாட்யூல் = கட்டு

'மாடுலர் கிச்சன்' விளம்பரப் பலகை வழியாக மாட்யூல் காரைக்குடி வீடுகளுக்குள்ளேயே வந்துவிட்டது. விண்வெளிச் செய்திகளில் வருவதும் அதே சொல்தான்: தரையில் தனியாகச் செய்து, சோதித்து, மேலே அனுப்பி, மற்றதோடு பூட்டும் ஒரு முழுப் பகுதி.

மூலம் இலத்தீன். 'மோடுஸ்' என்றால் அளவு, 'மோடுலுஸ்' சிற்றளவு. ரோமானியக் கட்டடக் கலைஞர் விட்ருவியஸ் தூணின் பருமனிலிருந்து சிற்றளவு ஒன்றை எடுத்து, கோயிலின் மற்ற அளவுகளை அதைக்கொண்டே வகுத்தார். பிரெஞ்சு வழியாக ஆங்கிலம் போய், 1960களில் விண்கலத்தில் ஏறியது.

தமிழில் தொகுதி, அலகு, கூறு என்றெல்லாம் எழுதுகிறார்கள். தொகுதி என்றால் தேர்தல் முந்திக்கொள்கிறது, அலகு அளப்பதற்கானது, கூறு பிரித்துப் போட்டது. செட்டிநாட்டில் இதைவிடப் பொருத்தமான சொல் இருக்கிறது: கட்டு. பெரிய வீடுகளில் முகப்பு, வளவு (நடு முற்றமுள்ள பகுதி) தாண்டினால் இரண்டாம் கட்டு, அப்புறம் மூன்றாம் கட்டு. ஒவ்வொன்றுக்கும் தனி வேலை. வாசல் வழியே அடுத்ததோடு தொடர்பு. கட்டுவது என்றால் எழுப்புவது, பிணைப்பது இரண்டும்தான்.

பன்னாட்டு விண்வெளி நிலையம் எழும்பியதும் அப்படித்தான். 1998 நவம்பரில் அதன் முதல் கட்டான ஸார்யா போனது. டிசம்பரில் எண்டெவர் விண்ணோடம் அடுத்த கட்டான யூனிட்டியைக் கொண்டுபோனது. விண்ணோடத்தின் இயந்திரக் கை ஸார்யாவைப் பிடித்து யூனிட்டியோடு சேர்த்தது. வீரர்கள் வெளியே மிதந்தபடி மின்வடங்களைப் பொருத்தினார்கள். யூனிட்டிக்கு ஆறு வாசல். அதை இணைப்புக் கட்டு எனலாம், ஜப்பானின் கிபோவை ஆய்வுக் கட்டு எனலாம்.

சரக்கு கொண்டுவரும் புரோகிரஸ் கட்டு அல்ல, கலம். சாமான்களை இறக்கியதும் குப்பையை ஏற்றிக்கொண்டு வளிமண்டலத்தில் எரிந்துபோகும். விண்ணோடத்தில் சரக்கோடு போய்வந்துகொண்டிருந்த லியோனார்டோ மட்டும் 2011இல் அங்கேயே தங்கிச் சேமிப்புக் கட்டானது.

பழைய வீட்டைப் பிரித்தால் தூணும் நிலையும் காரைக்குடிப் பழம்பொருள் கடைகளுக்குப் போகும். 400 டன்னுக்கு மேற்பட்ட நிலையத்தை அப்படிப் பிரித்துக் கொண்டுவருவதையும் நாசா ஆராய்ந்தது. செலவும் ஆபத்தும் அதிகம் என்று கைவிட்டது. 2030க்குப் பிறகு தனிக் கலம் ஒன்றால் தள்ளி, ஆளில்லாத கடற்பரப்பில் விழவைப்பதே திட்டம். அதற்குப் 'பிரித்தல்' பொருந்தாது, 'இறக்கம்' சரி.

தன் சொந்த விண்வெளி நிலையத்தின் முதல் கட்டை 2028இலும் முழு நிலையத்தை 2035க்குள்ளும் நிறுவ இந்தியா திட்டமிட்டுள்ளது. எழுதும்போது ஒரு கவனம் வேண்டும்: 'முதல் கட்டம்' வேலையின் படிநிலை, 'முதல் கட்டு' பொருள். 'கட்டில்' என்றால் படுக்கை நினைவு வரும். 'கட்டினுள்' என்றே எழுதலாம்.