‘காயங்களுக்குக் கமிட்டி பொறுப்பல்ல’: நோட்டீஸில் அச்சடித்தால் ஆயிற்றா?

மாசி பிறந்துவிட்டால் காரைக்குடி, கல்லல், தேவகோட்டை, புதுவயல் பக்கம் சுவர் தெரியாத அளவுக்கு மின்னொளி கபடிப் போட்டி நோட்டீஸ்தான். மேலே அம்மன் படம், நடுவில் பரிசுத் தொகை, சுற்றிலும் நன்கொடையாளர் பெயர்கள். எல்லாவற்றுக்கும் அடியில், கண்ணாடி போட்டுப் படிக்க வேண்டிய பொடி எழுத்தில் ஒரு வரி: ‘விளையாட்டின்போது ஏற்படும் காயங்களுக்கு விழாக் கமிட்டி பொறுப்பல்ல. முதலுதவி மட்டும் செய்து தரப்படும்.’

இந்த ஒரு வரியை நம்பிக் கெட்டுப்போகிறவர்கள் இரண்டு தரப்பிலும் இருக்கிறார்கள். கமிட்டிக்காரர்கள் இதைக் கவசம் என்று நினைத்து ஆடுகளத்தைச் சரியாகப் போடுவதில்லை. அடிபட்டவர் வீட்டாரோ, ‘அதான் நோட்டீஸிலேயே போட்டிருந்தாங்களே சார்’ என்று கேட்காமலே விட்டுவிடுகிறார்கள். நீதிமன்றத்துக்கு வருகிறபோது பாதிச் சாட்சியம் மண்ணாகியிருக்கும், கெடுவும் முடிந்திருக்கும். இந்தத் திருவிழா சீசனிலும் அதே கதை என்பதால், கொஞ்சம் காரமாகவே எழுத வேண்டியிருக்கிறது.

சட்டம் விளையாட்டை ஒன்றும் எதிரியாகப் பார்க்கவில்லை. பாரதிய நியாய சன்ஹிதா 25-ஆவது பிரிவை (பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 87) எடுத்துப் பாருங்கள். அதன் கீழே உள்ள எடுத்துக்காட்டே விளையாட்டுதான். இரண்டு பேர் பொழுதுபோக்காக வாள்வீச்சு ஆடச் சம்மதிக்கிறார்கள். ஒருவர் நேர்மையாக ஆடும்போது இன்னொருவருக்குக் காயம் பட்டால் அது குற்றமில்லை. அவ்வளவு தெளிவு. ஆனால் அதே பிரிவில் இருக்கும் நிபந்தனைகளை யாரும் படிப்பதில்லை. சம்மதித்தவருக்கு 18 வயது தாண்டியிருக்க வேண்டும். மரணத்தையோ கொடுங்காயத்தையோ விளைவிக்கும் நோக்கம் இருக்கக் கூடாது; விளையும் என்று தெரிந்தும் செய்திருக்கக் கூடாது. ஆட்டம் நேர்மையாக நடந்திருக்க வேண்டும். ரெய்டு வந்தவரை டாக்கிள் பண்ணும்போது தோள் இறங்கினால் அது ஆட்டம். நடுவர் விசில் ஊதிய பிறகு எழுந்து வந்து மூக்கில் குத்தினால், ஆடுகளத்துக்குள் நடந்தாலும் அது அடிதடி வழக்குதான். ஆட்டத்தில் இதெல்லாம் சகஜம் என்று எந்த மாஜிஸ்திரேட்டும் விட மாட்டார்.

ஆடுகிறவர்களுக்குள் நடக்கும் கதை இது. கமிட்டியின் பொறுப்பு வேறு. இங்கேதான் எல்லாரும் குழம்புகிறார்கள்.

விளையாட வருகிறவர் ஏற்றுக்கொள்வது அந்த ஆட்டத்துக்கே உரிய ஆபத்தை மட்டும். கணுக்கால் பிசகுவது, தலையும் தலையும் மோதுவது, தசை கிழிவது எல்லாம் கபடிக்கு உரியவை. இவற்றுக்குக் கமிட்டியின் மேல் வழக்குப் போட்டால் நிற்காது. நோட்டீஸில் அந்த வரி இல்லாவிட்டாலும் நிற்காது. ஆனால் கோட்டுக்கு நாலடி தள்ளி லைட் கட்ட நட்ட இரும்புக் கம்பத்தில் மண்டை மோதினால்? அது கபடியின் ஆபத்து இல்லை, கம்பத்தை அங்கே நட்டவரின் கவனக்குறைவு. அதற்கு எந்த ஆட்டக்காரரும் சம்மதித்ததில்லை. ஆக, அந்த வரி தேவையே இல்லாத இடத்தில் மட்டும்தான் வேலை செய்கிறது. தேவைப்படுகிற இடத்தில் செய்வதில்லை.

ஆண்கள் கபடிக் களம் 13 மீட்டருக்கு 10 மீட்டர். கோட்டுக்கு வெளியே நாலு பக்கமும் ஆள் விழுந்து புரளக் காலியிடம் வேண்டும். நம் ஊர்களில் கண்மாய்ப் பொட்டலிலோ கோயில் திடலிலோ அந்த 13-க்கு 10-ஐ எப்படியோ அளந்துவிடுகிறார்கள். காலியிடத்தில் ஜனம் உட்கார்ந்துவிடுகிறது. ஸ்பீக்கர் பாக்ஸும் ஜெனரேட்டர் ஒயரும் அங்கேயேதான். வழக்கில் திரும்பத் திரும்ப வருபவை இவை: சலிக்காத செம்மண்ணில் கிடந்த ஓட்டுச் சில்லு, மேட் துண்டுகள் சேரும் இடத்தில் விரல் நுழையும் இடைவெளி, வியர்வையும் தண்ணீரும் துடைக்காத மேட், சவுக்குக் கம்பில் ஆளுயரத்தில் தொங்கும் இன்சுலேஷன் டேப் சுற்றிய ஜாயின்ட், அளவுக்கு மீறி ஆள் ஏறிய தற்காலிக கேலரி. மின்சாரம் சம்பந்தப்பட்டால் முதல் கேள்வி, 30 மில்லி ஆம்பியர் ஈ.எல்.சி.பி. (மின்கசிவு கண்டதும் மின்சாரத்தைத் துண்டிக்கும் கருவி) போட்டிருந்தீர்களா என்பதுதான். விலை என்னவோ கமிட்டி பேனருக்குச் செலவழிப்பதைவிடக் குறைவு.

கவனக்குறைவால் மரணம் நேர்ந்தால் பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 106(1), ஐந்தாண்டு வரை சிறை. கொடுங்காயம் என்றால் 125(பி), மூன்றாண்டு வரை. நோட்டீஸில் என்ன அச்சடித்தாலும் அரசு தொடுக்கும் குற்ற வழக்கைத் தடுக்க முடியாது. இழப்பீடு கேட்கும் சிவில் வழக்கு தனி.

அடுத்து, கையெழுத்துப் படிவம். ‘எனக்கு எது நேர்ந்தாலும் நானே பொறுப்பு’ என்று எழுதி வாங்குவது. இப்போது இதை முத்திரைத்தாளில் அடித்து நோட்டரி சீலும் குத்துகிறார்கள். நோட்டரி சான்றளிப்பது கையெழுத்துப் போட்டவர் இவர்தான் என்பதற்கு. உள்ளே எழுதியிருப்பது சட்டப்படி செல்லும் என்று அவர் எங்கும் சொல்லவில்லை. அதிலும் கையெழுத்துப் போட்டது பதினாறு வயதுப் பையன் என்றால் பேச்சே இல்லை. ஒப்பந்தச் சட்டம் 1872, பிரிவு 11-இன்படி மைனருக்கு ஒப்பந்தம் செய்யும் தகுதி கிடையாது. அப்படிச் செய்தது அடியோடு செல்லாது என்று அன்றைய கடைசி மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் 1903-லேயே சொல்லியாயிற்று.

‘அப்பாகிட்ட வாங்கிட்டோம் சார்’ என்பார்கள். சரி, சிவில் நடைமுறைச் சட்டத்தில் 32-ஆவது ஆணை, 7-ஆவது விதி என்று ஒன்று இருக்கிறது. வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதுகூட, நீதிமன்ற அனுமதி இல்லாமல் மைனர் சார்பில் காப்பாளர் சமரசம் செய்துகொள்ள முடியாது. நீதிபதி கண்முன்னால் செய்ய முடியாததை, கபடித் திடலில் மைக் செட் சத்தத்துக்கு நடுவே செய்துவிட முடியும் என்று எப்படித்தான் நம்புகிறார்களோ. பெற்றோர் சம்மதக் கடிதம் வாங்குங்கள், நல்லதுதான். பையன் விளையாடுவது வீட்டுக்குத் தெரியும் என்பதற்கு அது சான்று. அதற்குமேல் அதில் ஒன்றும் இல்லை.

பொறுப்பு யார் தலையில் விழும்? நம் ஊர்க் கமிட்டிகள் பெரும்பாலும் சங்கமாகப் பதிவு செய்யாதவை. பதிவில்லாத குழு சட்டத்தின் கண்ணில் தனி ஆளே இல்லை. ஆகவே வழக்கு தனித்தனி ஆள்கள் மேல்தான் வரும். காவல் நிலையத்தில் அனுமதி மனுவில் கையெழுத்திட்டவர், நுழைவுக் கட்டண ரசீதில் கையெழுத்திட்டவர், நோட்டீஸில் ‘விழாக் கமிட்டியார்’ என்று பெயர் போட்டுக்கொண்டவர். சிங்கப்பூரிலிருந்து பணம் அனுப்பிய நன்கொடையாளர் வெறும் நன்கொடையாளராக இருந்தால் தப்பிப்பார். ‘தலைமை ஒருங்கிணைப்பாளர்’ என்று படத்தோடு பெயர் போடச் சொன்னவர் தப்பிப்பது கஷ்டம். பதவி ஆசை இருக்கட்டும், அது எந்த நோட்டீஸில் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

மஞ்சுவிரட்டைப் பற்றிச் சொல்லாமல் சிவகங்கைச் சீமையில் இந்தப் பேச்சு முடியாது. ‘உச்ச நீதிமன்றமே விட்டாச்சு, இனி என்ன?’ என்ற பேச்சு சிராவயல் வரை கேட்கிறது. உச்ச நீதிமன்றம் 2014 மே 7-இல் தடை செய்தது மிருகவதைத் தடுப்புச் சட்டத்தின்படி. 2017-இல் தமிழ்நாடு அரசு அந்தச் சட்டத்தைத் திருத்தியது. 2023 மே 18-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு அந்தத் திருத்தம் செல்லும் என்றது. தீர்ப்பு மாட்டைப் பற்றியது. மனிதர் செத்தால் யார் பொறுப்பு என்ற கேள்விக்கு அது விலக்கு எதுவும் கொடுக்கவில்லை. கலெக்டர் அனுமதி உத்தரவில் இருக்கும் நிபந்தனைகள், தடுப்பு வேலி, மாடுபிடி வீரர்களுக்கு மருத்துவப் பரிசோதனை, ஆம்புலன்ஸ் எல்லாமே பின்னால் வழக்கில் அளவுகோல் ஆகும். ஒன்றை மீறியிருந்தாலும் கவனக்குறைவை நிரூபிக்கும் வேலை பாதி முடிந்தது. தொழுவில் அவிழ்க்கும் மாட்டைப் பிடிக்க இறங்கியவர் ஒரு ஆபத்தை ஏற்றுக்கொண்டுதான் இறங்குகிறார். வயக்காட்டில் அவிழ்த்துவிட்ட கட்டு மாடு பாய்ந்து, ஓரமாய் நின்றவர் குடல் சரிந்தால் அந்த வாதம் எடுபடாது. ஓரமாய் நிற்கிறவர்களுக்கும் ஒரு வார்த்தை: வேலியைத் தாண்டிப் போய் நின்றால் உங்கள் பங்குக்கு இழப்பீட்டில் கழிப்பார்கள்.

இனி அடிபட்டவர்களுக்கு. தயவுசெய்து இதையாவது கேளுங்கள்.

ஆஸ்பத்திரியில் பொய் சொல்லாதீர்கள். அவசர சிகிச்சைப் பிரிவில் டாக்டர் ‘எப்படி அடிபட்டது?’ என்று கேட்கும்போது, கூட வந்த கமிட்டிக்காரர் முந்திக்கொண்டு ‘வீட்டு மாடிப்படியில விழுந்துட்டான் சார்’ என்பார். போலீஸ், கேஸ் என்று அலைய வேண்டாமே என்ற நல்லெண்ணம்தான். டாக்டர் அதை அப்படியே விபத்துப் பதிவேட்டில் எழுதுவார். அதுதான் ஏ.ஆர். காப்பி. பிறகு வழக்கில் குறுக்கு விசாரணையின் முதல் கேள்வியே, ‘டாக்டரிடம் சொன்னது பொய்யா, இப்போது கூண்டில் நின்று சொல்வது பொய்யா?’ என்று வரும். இந்தக் கேள்விக்கு நல்ல பதில் கிடையாது. எக்ஸ்ரேயும் ஸ்கேனும் ஆபரேஷன் பில்லும் கட்டுக் கட்டாக இருந்தாலும், அந்த ஒற்றை வரி எல்லாவற்றையும் தின்றுவிடும்.

எந்த ஊர், என்ன போட்டி, எத்தனை மணி, எதில் மோதியது என்று உள்ளதைச் சொல்லுங்கள். பேச முடியாத நிலையில் இருந்தால், நினைவு திரும்பியதும் அந்தப் பதிவேட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று வீட்டாரை விட்டுக் கேட்டுப் பாருங்கள். அன்றைக்கே காவல் நிலையத்தில் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீதாவது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்குக் காவல் நிலையம் தரும் ஒப்புகை) வாங்குங்கள். அந்தக் கம்பத்தையும் கோட்டையும் ஒரே படத்தில் வருவதுபோல் செல்போனில் எடுத்துவையுங்கள். காலையில் பந்தல்காரர் எல்லாவற்றையும் பிரித்துக்கொண்டு போய்விடுவார். யாராவது யூடியூப் நேரலை போட்டிருந்தால் அதை இறக்கிவையுங்கள். நோட்டீஸையும் கிழித்துப் போடாமல் ஒன்று வைத்துக்கொள்ளுங்கள், பெயர்கள் அதில்தானே இருக்கின்றன.

அடுத்தவன் ஆதார் ஜெராக்ஸில் ‘கெஸ்ட் பிளேயராக’ இறங்கும் தம்பிகளே, உங்களுக்குத் தனியாக. அடிபட்டால் டீம் லிஸ்ட்டில் உங்கள் பெயரே இருக்காது. காப்பீடு எடுத்திருந்தாலும் அது அந்த ஆதார்காரனுக்கு. போதாததற்கு ஆள்மாறாட்ட மோசடி, நியாய சன்ஹிதா பிரிவு 319, ஐந்தாண்டு வரை சிறை. ஐநூறு ரூபாய்க்கும் பிரியாணிக்கும் இவ்வளவு விலையா?

மேட்சுக்குப் போகும் வண்டியைப் பற்றி யாருமே யோசிப்பதில்லை. இரவு முழுக்க ஆடிவிட்டு விடியற்காலையில் சரக்கு வேனின் பின்னால் பதினைந்து பேர் ஏறி வருகிறார்கள். சரக்கு வாகனத்தில் சும்மா ஏறி வருகிறவருக்கு இன்சூரன்ஸ் கம்பெனி பொறுப்பில்லை என்று உச்ச நீதிமன்றம் 2002-லேயே தீர்ப்புச் சொல்லிவிட்டது. சில வழக்குகளில் ‘கம்பெனி முதலில் கொடு, உரிமையாளரிடம் பிறகு வசூலித்துக்கொள்’ என்று உத்தரவாகும். அதை நம்பி வண்டி ஏற முடியாது. பயணிகள் வேனுக்குப் பத்து பேர் சேர்ந்து கொடுக்கும் வாடகை ஒன்றும் பெரிதில்லை.

ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்து பேசி முடிப்பதை நான் குறை சொல்லவில்லை. மருத்துவச் செலவு உடனே கைக்கு வருவது பல வீடுகளுக்கு அதனால்தான். ஆனால் மரண வழக்கில் 106-ஆவது பிரிவு, சமரசத்தில் முடித்துக்கொள்ளக்கூடிய குற்றம் இல்லை. கொடுங்காயத்தில், ஊனம் எவ்வளவு என்று தெரிவதற்கு முன்னால் ‘முழுவதும் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதிக் கொடுக்காதீர்கள். ‘சிகிச்சைக்காக இன்ன தொகை பெற்றேன்’ என்று மட்டும் எழுதுங்கள். மருத்துவக் குழு கால் மூட்டுக்கு 20 சதவீதம் என்று சான்று தரலாம். அந்தக் காலை வைத்துக் கொத்தனார் வேலைக்குப் போகிறவருக்கு வருமான இழப்பு அதைவிட அதிகம் என்று நீதிமன்றத்தில் நிரூபிக்கலாம். திண்ணையில் அந்தக் கணக்கை யாரும் போட மாட்டார்கள்.

கமிட்டிக்காரர்கள் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். அந்தப் பொடி எழுத்து வரியை வைத்துக்கொள்ளுங்கள், எடுத்துவிடுங்கள், இரண்டும் ஒன்றே. போட்டி நாளுக்கு மட்டுமான குழு விபத்துக் காப்பீட்டை எடுங்கள். பாலிசியில் விளையாட்டுக் காயம் விலக்குப் பட்டியலில் இருக்கிறதா என்று ஏஜென்ட்டின் வாயைக் கேட்காமல் காகிதத்தைப் பாருங்கள். பெயர்ப் பட்டியலை அசல் ஆதாரோடு ஒப்பிடுங்கள். மைனர் என்றால் வயதுப் பிரிவை மாற்றுங்கள். முப்பது வயது ஆளின் பிடியில் பதினைந்து வயதுப் பையனை விடாதீர்கள். ஆம்புலன்ஸ் வரும் பாதையில் வளையல் கடை போட விடாதீர்கள்.

ஆட்டக்காரர்கள் தங்கள் வங்கிக் கணக்கில் பிரதம மந்திரி சுரக்ஷா பீமா என்ற விபத்துக் காப்பீட்டைப் போட்டுவையுங்கள். ஆண்டுக்கு 20 ரூபாய், 18 வயதிலிருந்து 70 வரை, விபத்து மரணத்துக்கு 2 லட்சம். ஜூன் 1-க்கு முன்னால் கணக்கில் அந்த 20 ரூபாய் இருக்கிறதா என்று பாருங்கள், இல்லாவிட்டால் புதுப்பிக்காது.

கெடு: இறந்தவர் குடும்பம் இழப்பீட்டு வழக்குப் போட, இறந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டு. காயத்துக்குப் பொதுவாக மூன்று ஆண்டு. எதிரே அரசுத் துறையோ உள்ளாட்சியோ இருந்தால் ஓராண்டுதான் என்று வாதாடுவார்கள். அரசுக்கு வழக்குக்கு முன் இரண்டு மாத நோட்டீஸும் கொடுக்க வேண்டும். ஆகவே அப்படிப்பட்ட வழக்கில் ஒன்பதாவது மாதத்துக்குள் வழக்குக் கட்டு வக்கீல் கையில் இருக்கட்டும்.