பள்ளம் மலையான கதை

"அமெரிக்க உள்நாட்டுப் போரில் மேகங்களுக்கு மேலே ஒரு சண்டை நடந்ததாமே, அவ்வளவு உயரமான மலையா?" என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். இல்லை. டென்னசி மாநிலத்தின் சட்டனூகா நகரை ஒட்டி நிற்கும் லுக்அவுட் மலையின் வடமுனை, கடல்மட்டத்திலிருந்து சுமார் 650 மீட்டர்தான். 1863 நவம்பர் 24 அன்று மூடுபனி இறங்கியிருந்தது. சண்டை நடந்தது மேகத்துக்கு மேலே அல்ல, உள்ளே; அதுவும் உச்சியில் அல்ல, சரிவில்.

உச்சியில் தென்மாநிலப் படையின் பீரங்கிகள் இருந்தன. ஆனால் மலையின் தலைப்பகுதி செங்குத்துச் சுவர். குழலை எவ்வளவு தாழ்த்தினாலும் நேர்கீழே வருபவர்களுக்குக் குறி வைக்க முடியாது. ஜெனரல் ஹூக்கரின் வடமாநில வீரர்கள் அந்தச் சுவரின் அடியை ஒட்டி, உருண்டு கிடந்த பாறைகளுக்கிடையே முன்னேறினார்கள்.

அந்தச் சுவர் எப்படி வந்தது என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. சுமார் 30 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆப்பிரிக்காவும் வட அமெரிக்காவும் மோதியதில் இங்கிருந்த படிவுப்பாறைகள் மடிந்தன. கீழே சுண்ணாம்புப்பாறை, அதன்மேல் களிப்பாறை, எல்லாவற்றுக்கும் மேலே கெட்டியான மணற்பாறை. மடிப்பில் மேடான இடம் மலையாகும், குழிந்த இடம் பள்ளத்தாக்காகும் என்றுதானே நினைப்போம்? இங்கே தலைகீழ். ஈரக் களிமண் பட்டையை வளைத்துப் பாருங்கள், முதுகுப்பக்கம் விரிந்து வெடிக்கும். மேல்மடிப்பின் மணற்பாறையும் அப்படித்தான் விரிசல்விட்டது. உயரத்தில் இருந்ததால் அரிப்பும் முதலில் அங்கேதான். மணற்பாறை போனதும் அடியிலிருந்த சுண்ணாம்பு வெளியே தெரிந்தது. மழைநீரில் கரையும் பாறை அது; விடுமா மழை! மேடு கரைந்து கரைந்து பள்ளத்தாக்கானது. தாழ்வாக இருந்த கீழ்மடிப்பிலோ மணற்பாறை என்ற மூடி தப்பித்தது. இன்று மலையாக நிற்பது அந்தப் பழைய பள்ளம்தான். டென்னசி, ஜார்ஜியா, அலபாமா என மூன்று மாநிலங்களில் நீண்டு கிடக்கிறது.

மூடியின் விளிம்பில் அடியிலுள்ள களிப்பாறை அரிபட, மேலே தாங்கலிழந்த மணற்பாறை பாளம் பாளமாகப் பெயர்ந்து விழுகிறது. சுவர் செங்குத்தாகவே இருப்பதும் சரிவெங்கும் பாறைகள் கிடப்பதும் இதனால்தான். ஒரே பாறைக்குவியல் இரு தரப்பு வீரர்களுக்கும் மறைவிடமானது.

அன்றிரவே தென்மாநிலப் படை மலையைக் காலி செய்தது. மறுநாள் விடியலில், ஸ்டோன்ஸ் ரிவர், சிக்கமாகா சண்டைகளைக் கண்டு வந்த, வடமாநிலத் தரப்பின் 8ஆவது கென்டக்கி காலாட்படையின் கேப்டன் ஜான் வில்சனும் ஐந்து வீரர்களும் சுவரேறி உச்சியில் கொடியை விரித்தார்கள். கென்டக்கி, அடிமைமுறை இருந்தும், தென்மாநிலங்களைப் போல அமெரிக்க ஒன்றியத்தை விட்டு விலகாத மாநிலம்.

அதே இரவில் சந்திர கிரகணம். பின்வாங்கிய வீரர்களில் சிலர் அதைத் தோல்விக்கான சகுனமாகப் பார்த்தார்களாம். எதிரிப்படைக்கும் அதே நிலாதான் மறைந்தது என்பது யாருக்கும் உறைக்கவில்லை போலும்! பீரங்கியை ஏற்றுமுன் மலையின் வெட்டுமுகத்தைப் பார்த்திருந்தால் பயன்பட்டிருக்கும்.

சுண்ணாம்பைக் கரைக்கும் வேலை மலைக்குள்ளும் நடக்கிறது. 1928இல், ஏற்கெனவே தெரிந்த ஒரு குகைக்கு லிஃப்ட் இறக்கத் துளையிட்டவர்கள் வழியில் இன்னொரு குகையைக் கண்டார்கள். அதற்குள் ஓர் அருவியே கொட்டிக்கொண்டிருந்தது. ரூபி ஃபால்ஸ் என்ற பெயரில் இன்று டிக்கெட் வாங்கிப் பார்க்கலாம்.