கண்ணைப் பார்க்கிறோம், தையலை விட்டுவிடுகிறோம்

ஃபேஷன் டிராயிங் கற்றுக்கொள்ள என்னிடம் வருகிற பிள்ளைகளில் பலருக்கு ஜப்பானிய பாணியில் வரைய வேண்டும் என்று ஆசை. போன மாதம் ஒரு மாணவி காட்டிய படத்தில் முகத்துக்கு மட்டும் வெகுநேரம் உழைத்திருந்தது தெரிந்தது. பெரிய கண்கள், ஒவ்வோர் இமை முடியும் தனித்தனியாக. ஆனால் உடுப்பின் தோளும் கையும் சேருகிற இடத்தில் ஒரு கோடுகூட இல்லை.

"இந்தக் கையை எங்கேம்மா வெட்டி வைப்பது?" என்று கேட்டேன்.

"தெரியல மேடம், பார்த்து அப்படியே வரைஞ்சேன்" என்றாள்.

பார்த்த படத்தைப் போனில் காட்டச் சொன்னேன். ஜப்பானிய ஓவியர் நகாஹாரா ஜுனிச்சி வரைந்தது. பெரிதாக்கிப் பார்த்தோம். கை சேருமிடத்தில் மெல்லிய தையல்கோடு, அதற்குக் கீழே சுருக்கு விழும் நாலைந்து சின்னக் கீறல்கள். எல்லாம் இருந்தன. அவள் கண்ணுக்கு அவை படவே இல்லை. இதை அடிக்கடி பார்ப்பதால்தான் எழுதுகிறேன்.

நகாஹாரா 1913-ல் ககாவாவில் பிறந்தவர். பெயர் வாங்கித் தந்தது முதலில் ஓவியம் அல்ல, பொம்மை. 1932-ல் டோக்கியோவின் கின்ஸாவில் அவர் செய்த பொம்மைகள் காட்சிக்கு வைக்கப்பட்டன. அதைப் பார்த்துத்தான் 'ஷோஜோ நோ தோமோ' என்ற சிறுமியர் பத்திரிகை அவரை வரைய அழைத்தது. பொம்மைக்கு உடுப்பு தைத்த கைக்குத் துணி எங்கே மடியும், எங்கே இழுக்கும் என்று தெரிந்திருந்தது. படத்திலும் அது வந்தது.

நகாஹாரா வரைந்த அந்தப் பெரிய கண்களுக்கு ஒரு முன்னோடி உண்டு: ஓவியர் தகேஹிசா யுமேஜி. சோர்ந்த பார்வையும் வளைந்த உடலுமாகப் பெண்களை வரைந்தவர். 1914-ல் டோக்கியோவில் மினாதோயா என்று கடை திறந்து, தானே வடிவமைத்த உறைகளையும் வண்ணக் காகிதங்களையும் ஜப்பானிய மரபு உடையான கிமோனோவுக்கான கழுத்துப்பட்டிகளையும் விற்றார். நகாஹாரா யுமேஜியிடமிருந்து முகத்தை மட்டும் எடுத்துக்கொள்ளவில்லை என்று நினைக்கிறேன். படம் என்பது ஆட்கள் உடுத்தவும் கையில் வைத்துக்கொள்ளவும் போய்ச் சேர வேண்டிய ஒன்று என்ற எண்ணமும் சேர்ந்தே வந்திருக்கிறது. 1937 முதல் 'ஷோஜோ நோ தோமோ'வில் பள்ளி மாணவிகள் எப்படி உடுத்தலாம் என்று படத்தோடு தொடர் எழுதினார். போர்க்காலத்துக்கு இந்த மென்மையான பெண்கள் ஒத்துவர மாட்டார்கள் என்று ராணுவ அரசு நெருக்கியதில், 1940-ல் அவர் பத்திரிகையை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று.

அப்புறம் வந்ததுதான் எனக்கு முக்கியம். 1942-ல் ஜப்பானில் துணிக்கு ரேஷன் வந்தது. போர் முடிந்தபோது புதுத் துணி கிடைப்பதே அரிது. அந்த நிலையில், 1946-ல், நகாஹாரா 'சொரேயு' என்ற பத்திரிகையைத் தொடங்கினார். சூரியனைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல் அது. இருக்கிற பழைய கிமோனோவை, மிச்சத் துண்டுகளை வைத்து எப்படி அழகாக உடுத்துவது என்று அதில் வரைந்தார்.

கிமோனோவின் வெட்டு தெரிந்தால் இதன் அருமை புரியும். சுமார் 36 சென்டிமீட்டர் அகலமுள்ள ஒரே நீளத் துணியை நேர்கோட்டில் வெட்டித் தைப்பதுதான் கிமோனோ. வளைவு வெட்டு அநேகமாக இல்லை. தையலைப் பிரித்தால் உடலுக்கு இரண்டு, கைக்கு இரண்டு, முன்பக்கச் சேர்ப்புக்கு இரண்டு, கழுத்துப்பட்டிக்கு இரண்டு என எட்டு நீளத் துண்டுகள் கிடைக்கும். பிரித்துத் துவைத்து மறுபடி தைப்பது அந்த வீடுகளில் பழகிய வேலைதான். ஆனால் இந்த அகலத்தில் ஒரு பாவாடை வேண்டும் என்றால் பல இடங்களில் மூட்டித்தான் ஆக வேண்டும். மூட்டை மறைக்கப் பார்க்காமல், அதையே அலங்காரமாக்குவது ஒட்டுத்துணி வேலை. அதை நகாஹாரா மனமாரக் கொண்டாடினார். கட்டம் போட்ட துண்டு எங்கே, வெற்றுத் துணி எங்கே என்று படத்தில் தெளிவாகத் தெரியும். ஊசி பிடிக்கத் தெரிந்த ஒரு பெண் பக்கத்தை விரித்து வைத்துக்கொண்டு தைக்கலாம்.

'ஹிமாவாரி', 'ஜூனியர் சொரேயு' என்று அவர் நடத்திய மற்ற பத்திரிகைகளும் உண்டு. அவரிடம் வேலை செய்த நைதோ ரூனே பின்னாளில் 'கவாயீ' என்ற செல்லமான, குழந்தைத்தனமான அழகுப் பாணிக்கு வழிவகுத்தவர்களில் ஒருவராகப் பேசப்படுகிறார். இன்று நம் பிள்ளைகள் வரைகிற கண்களுக்கு இப்படி ஒரு நீண்ட வம்சாவளி இருக்கிறது.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். பழகுவதற்காகப் பார்த்து வரையுங்கள், நல்லது. ஆனால் அந்தப் படத்தைக் குர்தியிலோ பையிலோ அச்சடித்து விற்கலாமா என்று கேட்கிறார்கள். கூடாது. நகாஹாரா இறந்தது 1983-ல். இந்தியாவில் ஓவியர் இறந்து 60 ஆண்டு வரை பதிப்புரிமை (காப்பிரைட்) உண்டு, ஜப்பானில் இப்போது 70. யுமேஜி 1934-லேயே இறந்துவிட்டதால் அவர் படங்களுக்கு அந்தக் காலம் எப்போதோ முடிந்துவிட்டது.

சரி, அந்த மாணவிக்கு வருவோம். முகத்தை வெறும் முட்டை வடிவமாக விட்டுவிட்டு, உடுப்பை மட்டும் முன்னும் பின்னும் வரைந்து வா என்று அனுப்பினேன். அடுத்த வாரம் வந்தாள். முன்பக்கம் சரியாக இருந்தது. பின்பக்கத்தில் ஜிப் எங்கே வைப்பது என்று முடிவாகவில்லையாம். அந்த இடத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டிருந்தாள்.