‘சூடோமோனாஸ் ஸ்பீசீஸ்’ என்று எழுதிக் கை கழுவாதீர்கள்

சர்க்கரை நோயாளி. வயது ஐம்பதைத் தாண்டியவர், வயல் வேலை. மூன்று வாரமாகக் காய்ச்சல். ஸ்கேனில் கல்லீரலிலும் மண்ணீரலிலும் சீழ்க் கட்டிகள். ஊசியால் உறிஞ்சிய சீழ் கல்ச்சருக்குப் போகிறது. மூன்றாம் நாள் ரிப்போர்ட் வருகிறது: ‘சூடோமோனாஸ் ஸ்பீசீஸ். ஜென்டாமைசின் ரெசிஸ்டன்ட். கோலிஸ்டின் ரெசிஸ்டன்ட். அமாக்சிகிளாவ் சென்சிட்டிவ்.’ அதாவது, சூடோமோனாஸ் பேரினத்தில் ஏதோ ஒரு கிருமி; முதல் இரண்டு ஆன்டிபயாடிக்குக்கும் மசியாது, மூன்றாவதுக்கு மசியும்.

மழைக்காலம் வந்தால் இப்படி ஒரு ரிப்போர்ட்டாவது கண்ணில் படாமல் போவதில்லை. எழுதியவர் சோதனை எதையும் தப்பாகப் போடவில்லை. எல்லாம் சரியாகவே வந்திருக்கின்றன, சேர்த்துப் படிக்கத்தான் ஆளில்லை. கோலிஸ்டின் டிஸ்க்கின் (மருந்தேற்றிய காகித வில்லை) விளிம்புவரை வளர்ந்து, ஜென்டாமைசினுக்கும் மசியாமல், அமாக்சிகிளாவுக்கு மட்டும் அகலமாக ஒதுங்கி நிற்கிற, ஆக்சிடேஸ் என்ற நொதிச் சோதனையில் பாசிட்டிவான, கோல் வடிவ கிராம் நெகட்டிவ் கிருமி என்றால், வேறென்று நிரூபணமாகும்வரை அது பர்க்கோல்டேரியா சூடோமல்லைதான். நோய், மெலியாய்டோசிஸ்: மண்ணிலும் தண்ணீரிலும் வாழும் இந்தக் கிருமியால் வரும் தொற்று.

“பெயர் எதுவானால் என்ன, சென்சிட்டிவ் மருந்தைக் கொடுத்தால் போயிற்று” என்று கேட்பவர்கள் உண்டு. சாதாரண சூடோமோனாஸ் என்று நினைத்தால் பத்து நாள் மருந்தோடு வீட்டுக்கு அனுப்புவார்கள். மெலியாய்டோசிஸுக்குக் குறைந்தது 2 வாரம் செஃப்டாசிடிம் அல்லது மெரோபெனெம் நரம்பு வழியே ஏற வேண்டும். ஆழமான கட்டி, மூட்டு, எலும்பு, மூளை என்றால் இன்னும் நீளும். அதன்பின் குறைந்தது 3 மாதம் கோ-டிரைமாக்சசோல் மாத்திரை. இந்த இரண்டாம் கட்டத்தை விட்டால் நோய் திரும்பி வரும். ரிப்போர்ட்டில் ‘சென்சிட்டிவ்’ என்று இருக்கிறதே என அமாக்சிகிளாவை மட்டும் நம்பினாலும் திரும்பி வரும். பெயரைத் தப்பாகச் சொன்னால் சிகிச்சையின் நீளமே தப்பாகிவிடுகிறது.

இப்போது அந்த ஒற்றை மூடநம்பிக்கைக்கு வருவோம்: ‘மெக்கான்கியில் நிறமில்லாத காலனி, ஆக்சிடேஸ் பாசிட்டிவ், ஆகவே சூடோமோனாஸ்.’ இதைக் கற்றுக்கொடுப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். மெக்கான்கி என்பது லாக்டோஸை நொதிக்கும் கிருமிகளை இளஞ்சிவப்பாகக் காட்டும் வளர்ப்பு ஊடகம். ஆக்சிடேஸ் பாசிட்டிவாகவும் லாக்டோஸைத் தொடாமலும் இருப்பவற்றில் அல்காலிஜீன்ஸ் உண்டு, அக்ரோமோபாக்டர் உண்டு, ரால்ஸ்டோனியா உண்டு, ஷிவானெல்லா உண்டு, க்ரைசியோபாக்டீரியம் உண்டு. ஒரு தெருவில் நீலக் கதவு போட்ட வீடுகள் பத்து இருந்தால், நீலக் கதவைப் பார்த்ததும் இது ராமசாமி வீடு என்று சொல்ல முடியுமா? ஆக்சிடேஸ் தெருவைத்தான் காட்டும். வீட்டைக் கண்டுபிடிக்க இன்னும் நாலு கதவு தட்ட வேண்டும்.

இந்தக் குழப்பத்துக்குப் பழைய புத்தகங்களும் ஒரு காரணம். 1912இல் ரங்கூனிலிருந்து விட்மோரும் கிருஷ்ணசுவாமியும் இந்த நோயை முதலில் விவரித்த நாளிலிருந்து இந்தக் கிருமிக்குப் பெயர் மாற்றியே ஓய்ந்துபோனார்கள். பாசில்லஸ், மல்லியோமைசிஸ் என்றெல்லாம் அலைந்து, வெகுகாலம் சூடோமோனாஸ் பேரினத்தில் குடியிருந்தது. 1992இல் யாபுச்சியும் குழுவினரும் 7 இனங்களை அங்கிருந்து பிரித்து பர்க்கோல்டேரியா என்ற புதுப் பேரினத்தை அமைத்தார்கள். வெங்காய அழுகலுக்குக் காரணமான கிருமியை 1950இல் விவரித்த வால்டர் பர்க்கோல்டரின் பெயர் அது. பேரினத்தைப் பிரித்தது சும்மா ஒரு லேபிள் மாற்றம் என்று நினைக்க வேண்டாம். 16எஸ் ஆர்ஆர்என்ஏ வரிசை, டிஎன்ஏ ஒப்புமை, செல்லின் கொழுப்பு, கொழுப்பமிலங்கள் எல்லாமே வேறாக இருந்தன. உண்மையான சூடோமோனாஸில் யூபிகுவினோன் (செல்லின் மூச்சுக்கு உதவும் ஒரு குவினோன்) 9, பர்க்கோல்டேரியாவில் 8. உண்மையான சூடோமோனாஸில் 10, 12 கார்பன் நீளமுள்ள ஹைட்ராக்சி கொழுப்பமிலங்கள். பர்க்கோல்டேரியாவில் 14, 16. வகைப்பாட்டின்படி ஒன்று காமா பிரிவு, மற்றது பீட்டா பிரிவு. ஒன்றுவிட்ட உறவு என்றுகூடச் சொல்ல முடியாத தூரம்.

சின்ன லேபில் யாரும் குவினோன் அளக்கப் போவதில்லை. ஆனால் அதே வேதி வேறுபாட்டை ஒரு கோலிஸ்டின் டிஸ்க் சில ரூபாயில் காட்டிவிடும். வெளிச்சவ்வில் உள்ள லிப்பிட் ஏ மாறியிருப்பதால்தான் இதற்குக் கோலிஸ்டின் ஒட்டுவதில்லை.

செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். முதலில் தனிக் காலனி. கலப்பு வளர்ச்சியிலிருந்து போட்ட பத்து சோதனையும் குப்பை. இரண்டு கிருமிகளின் குணத்தைக் கூட்டி மூன்றாவதாக ஒரு கற்பனைக் கிருமிக்குப் பெயர் வைப்பீர்கள். மறுபடி கோடிழுத்துப் பிரித்து, நியூட்ரியன்ட் அகாரிலோ பிளட் அகாரிலோ வளர்த்து, அதிலிருந்து மட்டும் எடுங்கள்.

ஆக்சிடேஸ் போடும்போது அந்த நிக்ரோம் லூப்பைக் கீழே வையுங்கள். இரும்பு கலந்த கம்பி தானே ரீஏஜென்ட்டை நீலமாக்கும். பிளாட்டினம் லூப், கண்ணாடிக் குச்சி, ஒன்றுமில்லையென்றால் மரப் பல்குச்சி. டெட்ராமீதைல் ரீஏஜென்ட் 1 சதவீதம், புதிதாகக் கரைத்தது. பாட்டிலிலேயே நீலம் பாய்ந்திருந்தால் சிங்க்கில் ஊற்றுங்கள். 10 விநாடிக்குள் அடர் ஊதா வந்தால் பாசிட்டிவ். ஒரு நிமிடம் கழித்து வரும் நிறத்தைக் கணக்கில் எடுக்கக் கூடாது. மெக்கான்கி காலனியை ஆக்சிடேஸுக்கு எடுக்கவே கூடாது. தினமும் சூடோமோனாஸ் ஏருஜினோசா ஒன்று, ஈ.கோலை ஒன்று கன்ட்ரோலாகப் போட இரண்டு நிமிடம்கூட ஆகாது.

டிஎஸ்ஐ (மூன்று சர்க்கரையும் இரும்பும் கலந்த சாய்வு அகார்) ட்யூபை 18 முதல் 24 மணிக்குள் படியுங்கள். மூடியைத் தளர்வாக வையுங்கள். ஸ்லாண்ட் சிவப்பு, அடிப்பகுதியும் மஞ்சளாகவில்லை என்றால் சர்க்கரையை நொதிக்காதது என்று பொருள். அடி மஞ்சளாகியிருந்தால் ஏரோமோனாஸ், விப்ரியோ பக்கம் போங்கள். இந்தக் கட்டுரை உங்களுக்கு வேண்டாம்.

அடுத்து மூன்று டிஸ்க்: ஜென்டாமைசின் 10 மைக்ரோகிராம், கோலிஸ்டின் 10 மைக்ரோகிராம், அமாக்சிகிளாவ் 20/10. 0.5 மெக்ஃபார்லண்ட் அளவுக்குக் கலங்கிய கிருமிக் கரைசல், முல்லர்-ஹின்டன் அகார், ஓர் இரவு. சூடோமோனாஸ் ஏருஜினோசா கோலிஸ்டினுக்கு வட்டம் விடும், அமாக்சிகிளாவுக்கு விடாது. சூடோமல்லை நேர் எதிர். பர்க்கோல்டேரியா செபேசியா (அந்த வெங்காயக் கிருமி) கோலிஸ்டின், ஜென்டாமைசின் இரண்டுக்கும் மசியாது, அமாக்சிகிளாவுக்கும் மசியாது. மூன்றாவது டிஸ்க்கைப் போடாதவர்கள் இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வது அதனால்தான். நொதிக்காதவற்றுக்கு அமாக்சிகிளாவ் எதற்கு என்று பேனலிலிருந்து தூக்கிவிட்ட லேப்கள் ஒரு டிஸ்க்கை மட்டும் திரும்பக் கொண்டுவரட்டும். ஒன்று கவனம்: இங்கே கோலிஸ்டின் டிஸ்க் அடையாளம் காணத்தான். மருந்துக்கான முடிவாக டிஸ்க்கை வைத்துக் கோலிஸ்டின் ரிப்போர்ட் கொடுக்கவே கூடாது, அது வேறு ஒரு பெருங்குற்றம். மலேசியாவின் சரவாக்கில் ஜென்டாமைசினுக்கு மசியும் சூடோமல்லை பரவலாக இருக்கிறது என்பதையும் மனதில் வையுங்கள்.

ஆர்ஜினின், லைசின் என்ற இரண்டு அமினோ அமிலச் சோதனைகளையும் தனித்தனி ட்யூபில் போடுங்கள், மேலே பாரஃபின் எண்ணெய் ஊற்றி, அமினோ அமிலம் இல்லாத கன்ட்ரோல் ட்யூபோடு. சூடோமல்லை ஆர்ஜினினை உடைக்கும், லைசினை விட்டுவிடும்; செபேசியா கூட்டம் பெரும்பாலும் இதற்கு மாறாக நடக்கும். எண்ணெய் ஊற்ற மறந்தால் காற்றுப்பட்டு ட்யூப் தானே காரமாகி உங்களை ஏமாற்றும். 42 டிகிரியில் வளர்கிறதா என்று பார்த்து ஏருஜினோசாவென முடிவு கட்டுகிறவர்களுக்கு: சூடோமல்லையும் 42இல் ஜம்மென்று வளரும். பச்சை நிறமி தெளிவாக இருந்தால் மட்டும் ஏருஜினோசா என்று நிம்மதியாகத் தூங்கலாம்.

கிராம் ஸ்மியரில் இரண்டு முனையும் சாயம் பிடித்து நடுவில் வெளிறி, ஊக்கு போலத் தெரிவது ஒரு சைகை. வேறு கிருமிகளிலும் வரும் என்பதால் அதை வைத்துச் சத்தியம் செய்ய முடியாது. அது இல்லாததை வைத்து விலக்கவும் முடியாது.

பொறுமைதான் பெரிய பஞ்சம். 24 மணியில் இந்தக் காலனி சின்னதாக, வழவழப்பாக, ஒன்றுக்கும் உதவாததுபோல் இருக்கும். இரண்டு நாளில் காய்ந்து உலோகப் பளபளப்பு வரும். மெக்கான்கியில் நாளாக நாளாக இளஞ்சிவப்பாகும். அது சாயத்தை இழுத்துக்கொண்டது, லாக்டோஸை நொதித்தது அல்ல. நாலைந்து நாளில்தான் சுருக்கம் விழும். சளி, தொண்டை ஸ்வாப், புண் சீழ் போல வேறு கிருமிகள் மொய்க்கும் மாதிரி என்றால் ஆஷ்டவுன் அகார் வேண்டும். 1979இல் ஆஸ்திரேலியாவில் ஆஷ்டவுன் வகுத்த ஊடகம் அது: டிரிப்டிக் சோயா அடிப்படை, 4 சதவீதம் கிளிசரால், லிட்டருக்கு 5 மில்லிகிராம் கிரிஸ்டல் வயலட், 50 மில்லிகிராம் நியூட்ரல் ரெட், 4 மில்லிகிராம் ஜென்டாமைசின். விலைக்கு வாங்க முடியாவிட்டால் நீங்களே செய்யலாம். ஜென்டாமைசினை மட்டும் அகார் 50 டிகிரிக்கு ஆறியபின் சேருங்கள். பிளேட்டை 7 நாள் வைத்திருங்கள், தினமும் பாருங்கள். ஊதா நிறத்தில் சுருங்கிய, பூவிதழ்போல் மடிந்த காலனி தெரியும்.

இப்போது கருவிக் கூட்டத்துக்கு. ‘மெஷின் 99 சதவீதம் என்று சொல்லிவிட்டது.’ மெஷினின் பட்டியலில் இருக்கும் பெயர்களுக்குள்தான் அந்த 99. தானியங்கிக் கருவிகள் இதைச் செபேசியா என்று சொல்லியிருக்கின்றன. ஸ்ட்ரிப் முறைகள் குரோமோபாக்டீரியம் வயலேசியம் என்று சொல்லியிருக்கின்றன. மால்டி-டோஃப் (புரதங்களின் எடையைக் கொண்டு கிருமியை அடையாளம் காணும் கருவி), தரவுத்தளத்தில் சூடோமல்லை இல்லாதபோது, அதன் சாதுவான உறவான தாய்லாண்டென்சிஸ் என்று சொல்லும். 16எஸ் வரிசை மட்டும் பார்த்தாலும் இந்த நெருங்கிய உறவுகளைப் பிரிக்கத் தடுமாறும். ஆகவே ஒரு சீழ்க் கட்டியிலிருந்தோ ரத்தக் கல்ச்சரிலிருந்தோ வந்த கிருமிக்குச் ‘செபேசியா’, ‘குரோமோபாக்டீரியம்’, ‘தாய்லாண்டென்சிஸ்’ என்ற பெயர்களில் ஒன்று திரையில் வந்தால், அதை ரிப்போர்ட்டாக அல்ல, எச்சரிக்கை மணியாக எடுத்துக்கொண்டு மூன்று டிஸ்க்கைப் போடுங்கள். லேட்டக்ஸ் திரட்டல் (ஆன்டிபாடி பூசிய துகள்கள் கிருமியோடு ஒட்டித் திரளும் சோதனை) இருந்தால் ஒரு சில நிமிட வேலை. உறுதி செய்ய டிடிஎஸ்1 மரபணுவுக்கான பிசிஆர் உள்ள பெரிய ஆய்வகத்துக்கு அனுப்புங்கள்.

தயவுசெய்து பிளேட்டை மோந்து பார்க்காதீர்கள். மண்வாசனை வரும் என்று பழைய ஆசிரியர்கள் சொன்னது உண்மைதான். அவர்கள் காலத்தோடு போகட்டும். இந்தக் கிருமி மூச்சு வழியே தொற்றும். சந்தேகம் வந்த நிமிடத்திலிருந்து திறந்த மேசை கூடாது, பாதுகாப்பு கேபினெட்டுக்குள்தான் வேலை. கேட்டலேஸ் குமிழியும் துளியைத் தெறிக்க விடும். தெறித்துவிட்டால் மறைக்காமல் சொல்லுங்கள். ஆபத்தான தொடர்பு என்றால் கோ-டிரைமாக்சசோல் 21 நாள் தடுப்பாகத் தருவது வழக்கம்.

சென்சிட்டிவிட்டியில் ஒரு குறிப்பு. சூடோமோனாஸின் அளவுகோலை இதற்குப் பொருத்தாதீர்கள். யூகாஸ்ட் (மருந்துச் சோதனைக்கு அளவுகோல் வகுக்கும் ஐரோப்பியக் குழு) 2020 முதல் சூடோமல்லைக்குத் தனி எல்லைகள் தந்திருக்கிறது. கோ-டிரைமாக்சசோல் டிஸ்க்கைச் சுற்றி வட்டத்துக்குள் மெல்லிய மூட்டம் போல் வளர்ச்சி இருக்கும். அதைப் பார்த்துப் பதறி ‘ரெசிஸ்டன்ட்’ என்று எழுதினால், மூன்று மாதம் சாப்பிட வேண்டிய ஒரே நல்ல மாத்திரையை நோயாளியிடமிருந்து பறித்துவிடுகிறீர்கள். விளிம்பு தெளிவாக மாறும் இடத்தை அளவிடுங்கள்.

மருத்துவர்களிடம் ஒரு வேண்டுகோள். ரிக்விசிஷன் படிவத்தில் ‘பஸ், சி/எஸ்’ (சீழ், கல்ச்சர்/சென்சிட்டிவிட்டி) என்று மட்டும் கிறுக்கி அனுப்பாதீர்கள். சர்க்கரை நோய், வயல் அல்லது சேற்று வேலை, மழைக்கு அப்புறம் வந்த காய்ச்சல், செஃப்டிரையாக்சோனுக்கு அசையாத நிமோனியா, மண்ணீரல் கட்டி, புராஸ்டேட் கட்டி, சளியில் காசநோய்க் கிருமியே இல்லாமல் காசநோய் மருந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பவர்: இவற்றில் எது இருந்தாலும் ஒரு வரி எழுதுங்கள், ‘மெலியாய்டோசிஸ்?’ என்று ஒரு கேள்விக்குறி போடுங்கள். அந்தக் கேள்விக்குறியால்தான் பிளேட் இரண்டு நாளில் குப்பைக்குப் போகாமல் ஏழு நாள் இன்குபேட்டரில் இருக்கும். ஆஷ்டவுன் அகாரும் வெளியே வரும்.

லேப் நண்பர்களே, உறுதியாகும்வரை எப்படி எழுதுவது என்று தயங்க வேண்டாம். ‘ஆக்சிடேஸ் பாசிட்டிவ், நொதிக்காத கிராம் நெகட்டிவ் கோல், பர்க்கோல்டேரியா சூடோமல்லை சந்தேகம், உறுதிப்படுத்தல் நடக்கிறது’ என்று எழுதி, காகிதத்தை அனுப்பிவிட்டு உட்காராமல் வார்டுக்குப் போன் செய்யுங்கள். கிருமியை 20 சதவீதக் கிளிசராலில் உறைய வைத்தபின்தான் பிளேட்டை ஆட்டோகிளேவில் போட வேண்டும். சனிக்கிழமை மாலை பிளேட்டுகளை மொத்தமாக வாரிக் கழித்துவிடும் வழக்கம் இருந்தால், இன்குபேட்டர் கதவில் ஒரு சீட்டு ஒட்டி வையுங்கள்: ‘சீழ், ரத்தம், சளி பிளேட்டுகளை 7 நாள் கழிக்காதே.’